தாங்கிக்குள் ஒரு சாண் தண்ணீர்

இதை எழுதுவதற்கு முதலில் மன்னிப்புக் கேட்க வேண்டும். நான் எஸ்.எஸ்.சி. வரை படித்தவள், அதிலும் கணக்கில் தவறியவள். நாலு பேர் இருக்கும் இடத்தில் கதிரையை இழுக்கும் சத்தம்கூடக் கேட்காமல் உட்காருகிறவள். ரொக் அண்ட் ரோல் பாட்டைப் பற்றியும் இசைத்தட்டுகளைப் பற்றியும் எழுத வேறு ஆட்கள் இருக்கிறார்கள். அவர்கள் எழுதியதை வாசித்தும் பார்த்தேன். அதில் என் பழைய முதலாளியைப் பற்றி நிறைய இருக்கிறது. அவருடைய தண்ணீர்த் தாங்கியைப் பற்றியும் இருக்கிறது. தாங்கிக்குள் இறங்கியவளைப் பற்றி ஒரு வரியும் இல்லை. அதனால் எழுதுகிறேன். காலம் போனதால் மன்னித்துவிட்டு எழுதுகிறேன் என்று யாரும் நினைக்க வேண்டாம். நான் மன்னிக்கவில்லை.

எழுபதுகளின் நடுவில் சிலோனிலிருந்து மெல்பேர்ணுக்கு வந்தோம். கணவர் ட்ராம் கண்டக்டர். எனக்கு ரிச்மண்டில், பழைய பிஸ்கட் களஞ்சியமொன்றில் நடந்த சிறிய இசைத்தட்டு நிறுவனத்தில் வேலை கிடைத்தது. தட்டுகளை உறையில் போட்டு, லேபிள் கோணாமல் இருக்கிறதா என்று பார்ப்பது என் வேலை. அங்கே தட்டு அழுத்துவதில்லை. பாட்டைப் பதிந்து மூலத்தட்டு வெட்டி வெளித் தொழிற்சாலைக்கு அனுப்புவோம். பெட்டி பெட்டியாகத் திரும்பி வரும்.

முதலாளி எந்தப் பெரிய கம்பனியையும் சேர்ந்தவர் அல்ல. ஐம்பதுகளின் முடிவில், இந்தப் பாட்டென்றால் பெரிய கம்பனிக்காரர் மூக்கைப் பொத்திய காலத்தில், சிட்னியில் ஒரு தேவாலய மண்டபத்தை வாடகைக்கு எடுத்தாராம். நடுவில் ஒரேயொரு மைக். இறைச்சிக் கடையில் தொழில் பழகிக்கொண்டிருந்த ஒருவரைப் பாட வைத்தார். ட்ரம் அடிப்பவரை வாசலுக்குத் தள்ளினார், கிற்றார்காரரை மேசைமேல் ஏற்றினார், பாடகரை மைக்குக்கு முத்தம் கொடுக்கும் தூரத்தில் நிறுத்தினார். மைக் ஒன்றுதானே, யார் எங்கே நிற்கிறார் என்பதுதான் பாட்டு. பிறகு தட்டுகளைக் காரின் பின்பெட்டியில் அடுக்கிக்கொண்டு பாலும் இனிப்பும் விற்கும் மில்க் பார்க் கடை ஒவ்வொன்றாகப் போய், காசு போட்டால் பாடும் பெட்டிக்குள் தன் தட்டையும் வைக்கச் சொல்லிக் கெஞ்சினார். வானொலி நிலையத்து வாசலில் மழையில் நின்றார். இதை அவரே ஆயிரம் தரம் சொல்லியிருக்கிறார். பொய்யில்லை. அவருக்கு நல்ல காது இருந்தது. பிறத்தியாருடைய நல்லதைத் தூரத்திலேயே கேட்டுவிடும் காது. அதுதான் பிறகு எனக்கு வினையாக வந்தது.

நான் சேர்ந்த அடுத்த வருடம் மூலத்தட்டு வெட்டுகிறவர் சிட்னிக்குப் போய்விட்டார். நான் லேபிள் ஒட்டும் கையைப் பார்த்து முதலாளி என்னைக் கூப்பிட்டார். அவர் பேசியது ஆங்கிலம். எங்கள் பேச்சில் எழுதுகிறேன்.

"உன்ரை கை நடுங்கிறதில்லை, லவ். வந்து இதைப் பழகு."

லவ் என்றதும் எனக்குக் காது சுட்டது. இங்கே பழக்கடைக்காரனும் லவ் என்றுதான் மிச்சக் காசைத் தருவான் என்று தெரிய எனக்குக் கொஞ்சக் காலம் எடுத்தது.

மூலத்தட்டு என்பது கறுப்பு அரக்குப் பூசிய அலுமினியத் தட்டு. சுழலும் தட்டில் ஊசி பாட்டை வெட்டிக்கொண்டு போகும். கிளம்பும் கறுப்பு நூல் தலைமயிர்போல இருக்கும். ஒரு குழாய் அதை உறிஞ்சி எடுக்கும். ஒரு பொறி பட்டால் குப்பென்று பற்றும். அந்த அறையில் மட்டும் முதலாளி சிகரெட் பற்றவைப்பதில்லை. வெட்டிய தட்டைத் தொடக் கூடாது, போட்டுக் கேட்கவும் கூடாது. ஒரு முறை கேட்டாலே பழுது. அதனால் வெட்டியவரைத் தவிர வேறு யாரும் அதைக் கிட்டப் பார்ப்பதில்லை. பெட்டியில் போட்டு அனுப்பிவிடுவோம்.

கடைசிப் பாட்டு முடியும் இடத்துக்கும் நடு லேபிளுக்கும் இடையில் ஒரு வெறும் வளையம் உண்டு. அதில் தட்டின் இலக்கத்தைக் கூரான கம்பியால் கையால் கீற வேண்டும். தொழிற்சாலைக்காரர் எது எந்தத் தட்டு என்று அறிவது அதை வைத்துத்தான். அங்கே கீறியது அழுத்தப்படும் ஒவ்வொரு தட்டிலும் அப்படியே விழும். இலக்கத்துக்குப் பக்கத்தில் வெட்டியவர் தன் பெயரின் முதலெழுத்தைக் கீறுவது தொழில் வழக்கம். எனக்கு முன்னிருந்தவர் கீறினார். என் முதல் தட்டன்று முதலாளி சொன்னார்: "நீ இலக்கம் மட்டும் போடு, லவ்."

நானும் இலக்கம் மட்டும் போட்டேன்.

அந்தக் காலத்தில் பழைய ரொக் அண்ட் ரோல் திரும்பவும் மவுசாகியிருந்தது. தலையில் எண்ணெய் வழிய, நாற்பது வயது ஆட்கள் இருபது வயதுச் சட்டையோடு ஆடப் போனார்கள். முதலாளி தன் முதல் பாடகரை, அந்த இறைச்சிக் கடைக்காரரை, சிட்னியிலிருந்து கூப்பிட்டார். அவர் இப்போது வீடு வீடாகப் பாண் ரொட்டி போடும் வேன் ஓட்டிக்கொண்டிருந்தார். அந்தப் பழைய பாட்டுகளைப் புதிதாகப் பதிய வேண்டும். குரல் இருந்தது, கிற்றார் இருந்தது. அந்த எதிரொலி மட்டும் வரவில்லை. அது தேவாலய மண்டபத்தின் எதிரொலி. மண்டபத்தை இடித்துக் கார் நிறுத்துமிடமாக்கிவிட்டார்கள். பெரிய கம்பனிகளிடம் எதிரொலிக்கென்றே இயந்திரம் இருந்தது. இவரிடம் இல்லை. கழிப்பறையில் ஸ்பீக்கர் வைத்துப் பார்த்தார்கள், மாடிப்படியில் வைத்துப் பார்த்தார்கள். பாடகர் வாளிக்குள் தலையை விட்டுப் பாடுவதுபோலத்தான் கேட்டது.

பின் முற்றத்தில் தகரத் தண்ணீர்த் தாங்கி ஒன்று, கூரைத் தண்ணீரைக் கொண்டுவரும் பீலி கழன்று வெறுமனே நின்றது. நாங்கள் வாடகைக்கு இருந்த ஃபுட்ஸ்கிறே வீட்டிலும் அப்படி ஒன்று உண்டு. அதை உரஞ்சிக் கழுவ உள்ளே இறங்கியபோது நான் முணுமுணுத்தது என் தலையைச் சுற்றி வந்து திரும்பக் கேட்டதை மறக்கவில்லை. மூன்று நாள் வாயைத் திறக்காமல் இருந்தேன். நாலாம் நாள், எல்லாரும் களைத்துப் போயிருந்தபோது சொன்னேன்.

"தாங்கிக்குள்ளை ஸ்பீக்கரைத் தொங்கவிட்டுப் பாருங்கோ. மைக்கையும் உள்ளுக்கு விடுங்கோ."

முதலாளி என்னைப் பார்த்தார். அந்தக் காது வேலை செய்ததைக் கண்ணால் கண்டேன்.

முதலில் சத்தம் அண்டாவில் கரண்டியால் அடித்ததுபோல வந்தது. வெறும் தகரம் அப்படித்தான் அலறும். தண்ணீர் விட வேண்டும், அளவு பார்க்க ஒருவர் உள்ளே இறங்கவும் வேண்டும் என்றேன். தாங்கியின் மேல்வாய் சிறியது. ஆண்கள் ஒருவராலும் இறங்க முடியவில்லை. முதலாளியின் வயிறு விடவே விடாது. நான் சேலையை வரிந்து கட்டிக்கொண்டு இறங்கினேன். பாடகர் ஏணியில் நின்று ரப்பர்க் குழாயைப் பிடித்தார். கொஞ்சம் விடுவோம், நான் ஏறி வருவேன், பாட்டைப் போட்டுக் கேட்போம். காணாது. தண்ணீர் போதாதென்று திரும்ப இறங்குவேன். முழங்கால் உயரத்துக்கு விட்டபோது எதிரொலி செத்துப்போனது. தாங்கியின் அடியிலிருந்த திருகைத் திறந்து தண்ணீரைக் குறைத்தோம். ஒரு சாண் உயரத்தில் அது வந்தது. பாடகர் கண்ணை மூடிக்கொண்டார். "மண்டபம் திரும்பி வந்திட்டுது" என்றார். நான் கரித்துண்டால் உள்ளே ஒரு கோடு போட்டேன். அதன் பிறகு ஒவ்வொரு பதிவுக்கும் முன்னால் தண்ணீரை அந்தக் கோட்டுக்குக் கொண்டுவருவது என் வேலையானது.

"உன்ரை பேர் உறையிலை வரும், லவ்" என்றார் முதலாளி. நான் கேட்கவில்லை. அவராகவே சொன்னார். மூன்று தரம், மூன்று வெவ்வேறு நாட்களில் சொன்னார். இதுவரை என் பெயர் அச்சில் வந்தது ஒரேயொரு தரம், கலியாண அழைப்பிதழில். நான் வீட்டில் சொன்னேன். கணவர் வேலையிடத்திலும் சொல்லிவிட்டார். ஊருக்கு எழுதிய கடிதத்திலும் எழுதினேன். அதுதான் நான் விட்ட பிழை.

மூலத்தட்டு வெட்டவேண்டிய அன்று காலை உறையின் அச்சுப் பிரதி வந்தது. முன்பக்கம் பாடகர். பின்பக்கம் முதலாளி, ரப்பர்ச் சப்பாத்தோடு தாங்கியில் கையை வைத்துக்கொண்டு. ஒலி அமைப்பு: அவர் பெயர். வீட்டுத் தோட்டத்துக்குத் தண்ணீர் விடும்போது இந்த யோசனை தனக்கு உதித்தது என்று ஒரு பந்தி. எல்லாவற்றுக்கும் கீழே பொடி எழுத்தில்: அருமையான தேநீர் தந்த எங்கள் சிலோன் பெண்மணிக்கு நன்றி.

நான் அங்கே ஒரு நாளும் தேநீர் போட்டதில்லை. அவர் தேத்தண்ணியை அவர்தான் போடுவார். நான் தேத்தண்ணி குடிப்பதும் இல்லை.

உறையை மேசையில் வைத்துவிட்டு உள்ளே போய்த் தட்டை வெட்டினேன். ஒழுங்காக வெட்டினேன். அதைப் பழுதாக்கலாம் என்று ஒரு கணம் நினைத்தேன். ஆனால் அந்தச் சத்தம் என்னுடையது, என்னுடையதை நான் ஏன் பழுதாக்க வேண்டும்? கடைசிப் பாட்டு முடிந்தது. ஊசியைத் தூக்கினேன். கம்பியை எடுத்து இலக்கத்தைக் கீறினேன். பிறகு மூச்சைப் பிடித்துக்கொண்டு, அந்த வளையத்தைச் சுற்றித் தமிழில் கீறினேன்: இந்தச் சத்தம் என்னுடையது. இவன் கள்ளன்.

அரக்கில் வளைவெழுத்துக் கீறுவது லேசில்லை. ஒவ்வொரு சுழிக்கும் கறுப்புப் பொருக்குக் கிளம்பும். அழிக்கவும் முடியாது. கை ஒரு நூல் விலகினால் பாட்டுக்குள் போய்விடும். என் கை நடுங்கவில்லை. இரண்டாம் பக்கத்திலும் கீறினேன். ஊதித் துப்புரவாக்கிப் பெட்டியில் வைத்து அனுப்பினேன். அன்றைக்குச் சோறு நன்றாக இறங்கியது.

தட்டுகள் வந்ததும் ஒன்றை வீட்டுக்குக் கொண்டுபோனேன். கணவர் அதைக் குசினி யன்னல் வெளிச்சத்தில் சரித்துப் பிடித்து எழுத்துக்கூட்டி வாசித்தார். 

"இஞ்சரும், இதென்ன வேலை? எல்லாத் தட்டிலையும் இருக்கோ?"

"எல்லாத்திலையும்தான்."

"பிடிபட்டால்?"

"ஆர் பிடிக்கிறது? இந்த ஊரிலை தமிழ் வாசிக்கிற சனம் ஒரு ட்ராமுக்கும் காணாது."

"அப்ப ஒருத்தரும் வாசிக்கப் போறதில்லை. பிறகேன் எழுதினனீர்?"

நான் தட்டை வாங்கக் கையை நீட்டினேன். அவர் அதை இன்னொரு தரம் வெளிச்சத்தில் சரித்துப் பார்த்து, "'கள்ளன்' நல்ல வடிவா விழுந்திருக்கு" என்றார்.

தட்டு நன்றாக விற்றது. பழைய பாட்டுப் பிரியர்கள் விசித்திரமான ஆட்கள். பாட்டைக் கேட்க முன்னம் தட்டைக் கண்ணாடி வைத்துப் பார்ப்பார்கள். ஒருநாள் முதலாளியை வானொலியில் பேட்டி கண்டார்கள். வேலையிடத்தில் எல்லாரும் கேட்டுக்கொண்டிருந்தோம். அறிவிப்பாளர் கேட்டார்: "தட்டின்ரை உள் வளையத்திலை ஏதோ சுழிச் சுழி எழுத்து இருக்குதே, அது என்ன?"

கையிலிருந்த உறையைக் கீழே வைத்தேன்.  பிறகு முதலாளியின் குரல், தேன் ஊற்றியதுபோல: "அதுவா? கீழைத்தேசத்துப் பழைய பிரார்த்தனை. 'இந்த இசை நீடு வாழ்க' எண்டு பொருள். நான்தான் போடச் சொன்னனான். அதிலிருந்து அதிர்ஷ்டம் கொட்டுது."

அவர் திரும்பி வந்து நேரே என் அறைக்குள் வந்தார். வேலை போயிற்று என்று நினைத்துக் கைப்பையை எடுத்துவைத்திருந்தேன்.

"லவ், அந்தக் கிறுக்கல் உன்ரைதானே?"

"ஓம்."

"நல்லது. இனி எல்லாத் தட்டிலையும் போடு."

அதன் பொருள் என்ன என்று அவர் கேட்கவேயில்லை. ஏன் கேட்பார்? பொருளை அவரே சொல்லிவிட்டாரே. என் சத்தத்தை எடுத்தவர் என் திட்டையும் எடுத்துக்கொண்டார். முதலில் எனக்கு அழுகை வந்தது. பிறகு, கைப்பையை ஆணியில் திரும்ப மாட்டும்போது, சிரிப்பு வந்தது. அன்றிலிருந்து அவருடைய கட்டளைப்படியே, ஒவ்வொரு தட்டிலும், அவரைக் கள்ளன் என்று கீறினேன். கை பழகப் பழக எழுத்தும் அழகாக வந்தது.

ஆனால் சத்தம் யாருடையது என்பது யாருக்கும் தெரியவில்லை. பத்திரிகைகளில் தாங்கியின் படம் வந்தது. ஒரு நிருபர் பாடகரிடமே கேட்டார். "எல்லாம் முதலாளியின்ரை மூளை" என்றார் பாடகர். குழாயைப் பிடித்த மனிதர். முதலாளியைவிட அன்றைக்கு அவரைத்தான் அதிகம் வெறுத்தேன்.

கடைசியில் முதலாளியின் முதல் தட்டுக்கு இருபது வருடம் நிறைந்ததைக் கொண்டாட, சிட்னியின் மேற்குப் பக்கத்தில் ஒரு நகர மண்டபத்தில் ஞாயிறு பின்னேரக் கச்சேரி ஏற்பாடானது. மேடைக்குப் பின்னால் பெரிய துணியில் அந்தப் பிரார்த்தனை தொங்க வேண்டும் என்று முதலாளி ஆசைப்பட்டார். களஞ்சியத் தரையில் துணியை விரித்து, முழங்காலில் இருந்து நான் எழுதினேன். அவர் பக்கத்தில் நின்று பார்த்தார்.

"இன்னும் பெரிசா, லவ். கடைசி வரிசையிலை இருக்கிறவனுக்கும் தெரியவேணும்."

பெரிசாக எழுதினேன். 'ள்ள' இரண்டும் தலையணை அளவு.

சிட்னிக்குக் கணவரும் லீவு எடுத்துக்கொண்டு வந்தார். மேடைக்குப் பின்னால் பாடகர் கண்ணாடியில் தலைமயிருக்குக் கறுப்புப் பூசிக்கொண்டு நின்றார். எனக்கு எங்கிருந்து துணிவு வந்ததோ தெரியாது.

"குழாய் பிடிச்சது நீங்கள். பேப்பர்காரனுக்கு ஏன் அப்பிடிச் சொன்னனீங்கள்?"

அவர் கண்ணாடியிலிருந்து திரும்பவில்லை. "மிஸஸ், விடிய எழும்பி வீடு வீடாப் பாண் போடுறன். இவரைப் பகைச்சால் வேறை ஆர் என்னைப் பாட விடுவினம்? பெரிய கம்பனிக்காரன் வாசலிலையே மறிச்சுப் போடுவான்."

"நான் தேத்தண்ணி போட்டதா எழுதியிருக்கு" என்றேன்.

"தெரியும்" என்றார். அவ்வளவுதான். நான் திரும்பி வந்துவிட்டேன்.

மண்டபம் நிறைந்திருந்தது. முதற்பாதி முடிந்ததும் துணியை அவிழ்த்துவிட்டார்கள். இந்தச் சத்தம் என்னுடையது. இவன் கள்ளன். அதற்கு நேர் கீழே, வெள்ளைக் கோட்டோடு, முதலாளி. சனம் கைதட்டியது. மூன்றாம் வரிசையில் என் கணவர் கைலேஞ்சியால் வாயைப் பொத்திக்கொண்டு குலுங்கினார். அந்த மண்டபத்தில் அதை வாசிக்கத் தெரிந்தது எங்கள் இரண்டு பேருக்கும்தான். அதோடு முடிந்திருந்தால் எனக்குப் போதும் என்றுதான் நினைத்திருப்பேன். முதலாளி விடவில்லை.

"இதை எழுதினவ இஞ்சைதான் இருக்கிறா. எங்கடை சிலோன் பெண்மணி. மெல்பேர்ணிலை இவவின்ரை தேத்தண்ணியை அடிக்க ஆளில்லை. மேலை வா, லவ். வாசிச்சுக் காட்டு."

யாரோ தோளில் தள்ளினார்கள். மேடையில் நின்றேன். விளக்குச் சூடு. துணியைப் பார்த்து வாசித்தேன். எனக்கே கேட்கவில்லை. மைக் பாடகரின் உயரத்தில் இருந்தது. என் வாய்க்கு நேரே வெறும் கம்பி. இருபது வருடம் மைக்கோடு வாழ்ந்த மனிதர் பக்கத்தில் நிற்கிறார், அதை இறக்கி வைக்க அவருக்குத் தோன்றவில்லை. அவரே எட்டி மைக்குக்குள் சொன்னார்:

"வெக்கப்படுறா. 'இந்த இசை நீடு வாழ்க' எண்டு சொல்லுறா."

"இல்லை" என்றேன். அதுவும் கம்பிக்குத்தான் கேட்டது.

அப்போது பாடகர் வந்தார்.  கம்பியின் திருகைத் தளர்த்தி, மைக்கை என் வாய் மட்டத்துக்கு இறக்கி, திரும்ப இறுக்கினார். "இப்ப சொல்லுங்கோ, மிஸஸ்."

என் மூச்சு மண்டபம் முழுக்கக் கேட்டது. ஆங்கிலத்தில், பள்ளிக்கூடத்தில் வாசிப்பதுபோல, ஒவ்வொரு சொல்லாகச் சொன்னேன். "அதிலை எழுதியிருக்கிறது: இந்தச் சத்தம் என்னுடையது. இவன் கள்ளன்."

ஒரு விசில் கேட்டது. பிறகு சிரிப்பு. பகிடி என்று நினைத்தார்கள். முதலாளியும் சிரித்தார்; தோளைக் குலுக்கி, "பார்த்தியளே, எவ்வளவு பகிடிக்காரி!" என்றார். அதுவும் போய்விடப் போகிறது, இதையும் அவர் எடுத்துக்கொள்ளப் போகிறார் என்று எனக்கு விளங்கியது.

"தாங்கிக்குள்ளை ஒரு சாண் தண்ணி" என்றேன் மைக்குக்குள். "அதை அளந்தது நான். தேத்தண்ணி நான் போடுறதில்லை."

பாடகர் குனிந்து, என் தலைக்குப் பக்கத்தில் வாயை வைத்தார். "உண்மை. நான்தான் குழாய் பிடிச்சனான். இறங்கினது இவ. உறையிலை இருக்கிற படத்தை நம்பாதேங்கோ. அந்த ஓட்டைக்குள்ளாலை முதலாளியின்ரை வயிறு போகாது."

முதலாளியின் கை தன்னையறியாமல் வயிற்றுக்குப் போனது. அதைக் கண்டபிறகுதான் மண்டபம் சிரித்தது. முதலில் சிரித்த சிரிப்பு வேறு, இது வேறு. முன்வரிசையில் ஒருவர் கதிரையில் அடித்துச் சிரித்தார். யாரோ "தாங்கிக்குள்ளை இறங்கிக் காட்டு!" என்று கத்தினார். முதலாளி கோட்டுப் பொத்தானைப் பூட்டப் பார்த்தார். அது பூட்டுப்படவில்லை. அதற்கும் சிரித்தார்கள். அவர் வாயைத் திறந்தார். மைக் என் உயரத்தில் இருந்தது. அவர் சொன்னது யாருக்கும் கேட்கவில்லை.

அந்தச் சிரிப்பை நான் இன்றைக்கும் சோர்ந்த வேளைகளில் எடுத்துப் போட்டுக் கேட்பேன். தேய்வதேயில்லை.

மறுநாள் காலை ரயிலில் மெல்பேர்ண் வந்து சேர்ந்தோம். சாமான்களோடு தெருவால் வந்த முதலாளியின் வேன் இன்னும் வந்து சேரவில்லை. நேரே களஞ்சியத்துக்குப் போய், என்னிடமிருந்த பின்வாசல் சாவியால் திறந்து, தாங்கிக்குள் இறங்கி, கரிக்கோட்டை ஈரத்துணியால் துடைத்தேன். அடித்திருகைத் திறந்து தண்ணீரை வெளியே விட்டேன். சாவியைக் கடிதப் பெட்டிக்குள் போட்டுவிட்டு ட்ராமில் வீட்டுக்குப் போனேன்.